கொடுத்துப் பெறும் இலாபமும் தடுத்துப் பெறும் இலாபமும்

(நமது சங்கத்தின் ஆண்டு விழாக் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)



இம்மேடையில் சமயப் பெரியோர் வரலாறும் திருமுறைச் சிறப்பும் பேசப்படுவதே வழக்கம். இம்முறை வியாபாரத்தையும் கைத்தொழிலையும் பற்றிப் பேச முன்வந்திருக்கிறோம். சமய சங்கத்திற் சந்தைப் பேச்சா என்று சில பெரியோர் எண்ணக்கூடும். அறம், பொருள், இன்பம், வீடு என உறுதிப்பொருள்களை நான்காக வகுத்த நம் முன்னோர் பொருளை ஒதுக்கி வைத்தாரில்லை. அறத்துக்கு அடுத்த இருக்கையை அதற்குக் கொடுத்தார்கள். பக்கத்திற் கண்காணிக்க அறம் இருந்தாற்றான் பொருள் ஒழுங்காக இருக்கும் என்பது அவர்கள் கருத்துப் போலும்.

இந்தப் பொருளை நாம் தெரிந்துகொண்டதற்கு ஒரு காரணம் உண்டு. 2021 ஆம் ஆண்டின் பிற்பகுதியில் இந்நாட்டிற் பால்மாவுக்குத் தட்டுப்பாடு ஏற்பட்டதை யாவரும் அறிவீர்கள். விலைக்கட்டுப்பாடு நீங்கப் போகிறது, விலை ஏறப் போகிறது என்ற பேச்சு அப்போது எங்கும் அடிபட்டது. நம் சங்கத்து இளைஞர் ஒருவர் அந்நாளில் ஒரு கடையிற் பணிபுரிந்தார். பின்னறையிற் பால்மாப் பெட்டிகள் அடுக்கியிருந்தன. முன்னே வந்து கேட்போருக்கு "இல்லை" என்று சொல்லும்படி அவருக்குக் கட்டளை. கைக்குழந்தையோடு வந்த தாய்மாருக்கும் அவர் அதையே சொன்னார். சில நாட்கள் கழித்து விலை ஏறியது. பெட்டிகள் முன்னே வந்தன. அன்று மாலை அவர் நம்மிடம் வந்து, "ஐயா, நான் சொன்னது பொய்யென்று எனக்குத் தெரியும். ஆனால், முதலாளி செய்தது களவா, வியாபாரமா? அவர் யாருடைய பொருளையும் எடுக்கவில்லையே! தம்முடைய பொருளைத் தாமே வைத்திருந்தார், அவ்வளவுதானே?" என்று கேட்டார்.

அன்று நாம் அவருக்குச் சரியான விடை சொல்லவில்லை. "பொறுமையாக இரு தம்பி, வேறு வேலை கிடைக்கும்" என்று சொல்லி அனுப்பிவிட்டோம். அந்த விடை நமக்கே திருப்தி தரவில்லை. இன்றைய பேச்சை அவருக்கு நாம் கடன்பட்ட விடையாகக் கொள்ளலாம்.

இரண்டு நோக்கங்கள்

கைத்தொழில் வேறு, வியாபாரம் வேறு என்று பிரித்துக் காட்டிய அறிஞர் ஒருவர் அமெரிக்காவில் இருந்தார். அவர் பெயர் தோர்ஸ்டீன் வெப்லன். நோர்வேயிலிருந்து குடியேறிய பெற்றோருக்கு 1857 ஆம் ஆண்டு விஸ்கொன்சின் மாநிலத்திற் பிறந்து, கமக்காரர் வீட்டில் வளர்ந்து, பல பல்கலைக்கழகங்களிற் கற்பித்து, 1929 ஆம் ஆண்டு காலமானார். வியாபார முயற்சியைப் பற்றி அவர் எழுதிய நூல் 1904 ஆம் ஆண்டிலும், பொறியியலாளரையும் விலை முறையையும் பற்றிய நூல் 1921 ஆம் ஆண்டிலும் வெளிவந்தன.

அவர் கருத்தை நம் ஊர் வழக்கிற் சொல்வோம். கோடை காலம். ஊரில் இரண்டு கிணறுகள் உள்ளன. ஒரு கிணற்றுக்காரர் கிணற்றை ஆழமாக்கி, நல்ல துலா போட்டு, பத்துத் தோட்டத்துக்கு இறைத்த நீரை இருபது தோட்டத்துக்கு இறைக்கிறார். அதற்குக் கூலி வாங்குகிறார், அவருக்கு இலாபம். மற்றவரோ, தம் கிணற்றின் வாயைப் பலகையால் மூடிவிட்டு, "பயிர் வாடட்டும், அப்போது கேட்ட விலை தருவார்கள்" என்று காத்திருக்கிறார். அவருக்கும் இலாபமே. கணக்கேட்டில் இரண்டு இலாபமும் ஒரே மையால் எழுதப்படும். தொகையைக் கூட்டிப் பார்ப்பவனுக்கு எது எந்தக் கிணற்றிலிருந்து வந்ததென்று தெரியாது. முதலாவதைக் கொடுத்துப் பெறும் இலாபம் என்போம். இரண்டாவதைத் தடுத்துப் பெறும் இலாபம் என்போம்.

கைத்தொழிலின் நோக்கம் பொருளைப் பெருக்குவது. வியாபாரத்தின் நோக்கம் பணத்தைப் பெருக்குவது. இவ்விரண்டும் பெரும்பாலும் ஒரே பாதையிற் செல்லும். ஆனால், பொருளைக் குறைத்தாற் பணம் பெருகும் என்ற சந்தி ஒன்று வரும்போது இரண்டும் பிரிந்துவிடும். அப்போது யந்திரசாலையின் சாவி யார் கையில் இருக்கிறது என்பதே கேள்வி. பெரும்பாலும் அது பணக் கணக்குப் பார்ப்பவர் கையிலேயே இருக்கிறது என்றார் வெப்லன். வேலைக்காரர் யந்திரத்தை மந்தமாக ஓட்டினால் அதை நாசவேலை என்கிறோம். விலை விழாதிருக்க முதலாளி தொழிற்சாலையை அரைவாசி நேரம் மூடிவைத்தால் அதை விவேகம் என்கிறோம். இரண்டும் ஒரே காரியமன்றோ என்று அவர் கேட்டார்.

முற்காலத்திலும் பதுக்குவோர் இருந்தனர். ஆயினும் யந்திர நாகரிகத்தில் அதன் தீமை பன்மடங்காகிறது. அக்காலக் கிராமம் பெரும்பாலும் தன் தேவையைத் தானே செய்துகொண்டது. இன்று ஒரு தொழிலின் விளைவு இன்னொரு தொழிலின் மூலப்பொருள். சங்கிலியில் ஒரு வளையம் கழன்றால் முழுச் சங்கிலியும் நின்றுவிடும். 2022 ஆம் ஆண்டில் இதைக் கண்ணாரக் கண்டோம். மண்ணெண்ணெய் கிடைக்காமல் வடபகுதி மீனவரின் படகுகள் கரையிற் கிடந்தன. தோட்டத்தில் நீர் இறைக்கும் யந்திரங்கள் நின்றன. மீனும் மரக்கறியும் சந்தைக்கு வர வழியில்லாமற் போயிற்று. அந்தத் தட்டுப்பாட்டின் வேர் அந்நியச் செலாவணிப் பற்றாக்குறையே. வியாபாரிகளை மட்டும் அதற்குக் குறைசொல்வது நீதியாகாது. ஆயினும், ஒரு பொருள் நின்றால் எத்தனை கைகள் நிற்கும் என்பதை அது நமக்குக் காட்டியது. வேண்டுமென்றே ஒரு பொருளை நிறுத்துபவன் எத்தனை கைகளைக் கட்டுகிறான் என்பதை இதிலிருந்து ஊகித்துக்கொள்ளலாம்.

ஒரு மரம் கண்ட மூன்று கட்டளைகள்

இதற்குத் தொலைதேசத்தில் உதாரணம் தேடவேண்டியதில்லை. நம் நாட்டு றப்பர் மரமே சாட்சி சொல்லும். மலாயாவில் எழுதுவினைஞராகவும் புகையிரதப் பகுதி உத்தியோகத்தராகவும் இருந்து பென்சனோடு திரும்பியவர்களின் பேரப்பிள்ளைகள் இச்சபையிற் பலர் இருப்பீர்கள். அந்தப் பென்சன்காரர்கள் கட்டிய கல்வீடுகளின் அத்திவாரத்தில் றப்பரும் ஒரு பங்கு உண்டு. ஆதலால் இது நம் வீட்டுக் கதையுமாகும்.

முதலாம் உலகப் போருக்குப் பின் 1920, 1921 ஆம் ஆண்டுகளில் உலக வியாபாரம் மந்தமடைந்தது. றப்பர் விலை பெரிதும் வீழ்ந்தது. தோட்டக் கம்பனிகளின் பங்குதாரர் இலண்டனிற் கூக்குரலிட்டனர். அப்போது குடியேற்ற நாட்டமைச்சராக இருந்த வின்ஸ்டன் சேர்ச்சில், சேர் ஜேம்ஸ் ஸ்டீவன்சன் தலைமையில் ஒரு குழுவை நியமித்தார். அக்குழுவின் திட்டம் 1922 ஆம் ஆண்டு நவம்பர் முதலாந் திகதி மலாயாவிலும் இலங்கையிலும் நடைமுறைக்கு வந்தது. 1920 ஆம் ஆண்டின் விளைச்சலை அளவாக வைத்து, அதில் நூற்றுக்கு 60 பங்கை மட்டும் குறைந்த தீர்வையோடு ஏற்றுமதி செய்யலாம். அதற்கு மேல் அனுப்பினாற் கடுந்தீர்வை என்பது விதி. இலண்டன் விலையைப் பார்த்து மூன்று மாதத்துக்கு ஒருமுறை இந்தப் பங்கு கூட்டியோ குறைத்தோ வைக்கப்படும். மரம் இருந்தது, மரத்திற் பால் இருந்தது, பால் வெட்டத் தெரிந்த கைகளும் இருந்தன. "வெட்டாதே" என்ற கட்டளை மட்டும் புதிதாக வந்தது.

விலை ஏறியதா? ஏறியது. 1921 ஆம் ஆண்டில் ஒரு ஷில்லிங்குக்குக் கீழே கிடந்த ஓர் இறாத்தல் றப்பர் 1925 ஆம் ஆண்டில் நான்கு ஷில்லிங்கையுந் தாண்டியது. கணக்கேடு மகிழ்ந்தது. ஆனால், உலக றப்பரிற் பெரும்பங்கை வாங்கிய அமெரிக்கா சும்மா இருக்கவில்லை. வர்த்தக அமைச்சராக இருந்த ஹேர்பேட் ஹூவர் இத்திட்டத்துக்கு எதிராகப் பெரும் பிரசாரம் செய்தார். பழைய றப்பரை மீட்டு மீண்டும் உபயோகிக்கும் முறை பரவியது. பயர்ஸ்டோன் கம்பனி 1926 ஆம் ஆண்டு லைபீரியாவில் நிலம் குத்தகைக்கு எடுத்தது. ஹென்றி போர்ட் பிறேசிற் காட்டில் நகரமொன்றையே அமைக்க முற்பட்டார். ஒல்லாந்தர் ஆட்சியிலிருந்த சுமாத்திராவும் போர்ணியோவும் இத்திட்டத்திற் சேரவில்லை. அங்குள்ள சிறு குடியானவர்கள் ஏறிய விலையைக் கண்டு விரைந்து மரம் நட்டனர். இங்கே நாம் கையைக் கட்டிக்கொண்டிருக்க அங்கே மரம் வளர்ந்தது. 1928 ஆம் ஆண்டு நவம்பர் முதலாந் திகதி திட்டம் கைவிடப்பட்டது. சில ஆண்டுகளில் உலகப் பெருமந்தம் வந்து, 1932 ஆம் ஆண்டில் விலை சில பென்சாகத் தாழ்ந்தது. தோட்டத் தொழிலாளரின் வேதனம் வெட்டப்பட்டது. வேலையிழந்து பலர் இந்தியாவுக்குத் திரும்பினர். விலை ஏறியபோது இலாபத்தைக் கண்டவர் இலண்டனில் இருந்தார். விலை இறங்கியபோது பட்டினியைக் கண்டவர் லயக் காம்பிராவில் இருந்தார்.

இதற்குப் பின்னரும் பாடம் படிக்கப்படவில்லை. 1934 ஆம் ஆண்டில் ஒல்லாந்தரையும் சேர்த்துக்கொண்டு இன்னுமொரு சர்வதேச ஒப்பந்தம் செய்தனர். ஏற்றுமதிக்கு அளவு வைத்ததோடு, புதிதாக மரம் நடுவதையும் சில ஆண்டுகள் தடுத்தனர். அளவு வகுத்தபோது மலாயாவிற் சிறு தோட்டக்காரருக்குக் கிடைக்கவேண்டிய பங்கைவிடக் குறைந்த பங்கே வகுக்கப்பட்டதென்று பி. ரி. பௌவர் என்ற பொருளியலறிஞர் பின்னர் எடுத்துக்காட்டினார். தடுப்பு என்பது எப்போதும் எளியவன் தலையிலேயே கூடுதலாக விடிகிறது.

அடுத்த கட்டளை 1942 ஆம் ஆண்டில் வந்தது. யப்பானியப் படைகள் மலாயாவையும் ஒல்லாந்தர் தீவுகளையும் கைப்பற்றின. நேச நாடுகளுக்கு இயற்கை றப்பர் கொடுக்கப் பெரும்பாலும் இலங்கையே எஞ்சியது. விமானத்துக்கும் பார வண்டிக்கும் சில்லு வேண்டும். "மரம் பட்டுப்போனாலும் பரவாயில்லை, இருக்கும் பாலையெல்லாம் எடு" என்றார்கள். ஒரே மரத்திற் பல இடங்களிற் கத்தி போட்டார்கள். இருபது ஆண்டுகளுக்கு முன் வெட்டாதே என்று தடுக்கப்பட்ட அதே பட்டை, இப்போது சாகும்வரை வெட்டப்பட்டது.

மூன்றாவது கட்டளை 1952 ஆம் ஆண்டில் வந்தது. கொரிய யுத்தத்தின் காரணமாக அரிசி விலை ஏறியிருந்தது. நம் றப்பர் விலையோ இறங்கிக்கொண்டிருந்தது. சீனாவில் அரிசி இருந்தது, றப்பர் இல்லை. நம்மிடம் றப்பர் இருந்தது, அரிசி இல்லை. அந்த ஆண்டு டிசம்பரில், வர்த்தக அமைச்சர் ஆர். ஜீ. சேனநாயக்காவின் முயற்சியால், ஐந்தாண்டு ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. ஆண்டுக்கு 2,70,000 தொன் அரிசி இங்கே வரும். 50,000 தொன் றப்பர் அங்கே போகும். றப்பருக்குச் சந்தை விலையிலும் கூடுதலாகவே சீனா கொடுத்தது. இதன் பொருட்டு அமெரிக்க உதவி சில காலம் நமக்குக் கிட்டாமற் போயிற்று. ஆயினும் இந்த ஒழுங்கு காலத்துக்குக் காலம் புதுப்பிக்கப்பட்டு ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் நடந்தது.

அன்பர்களே, மரம் ஒன்றுதான், பால் ஒன்றுதான், கத்தி பிடித்த தொழிலாளியின் திறமையும் ஒன்றுதான். 1922 இல் இலாபத்துக்காகக் கை கட்டப்பட்டது. 1942 இல் யுத்தத்துக்காக மரம் கொல்லப்பட்டது. 1952 இல் ஒருவர் இல்லாமையை மற்றவர் உடைமையால் நிரப்பியபோது இரு பக்கத்தாரும் உண்டனர். மூன்றில் எதைக் கைத்தொழில் என்று பெருமையோடு சொல்லலாம் என்பதை நீங்களே தீர்மானியுங்கள்.

மின்குமிழும் கோப்பியும்

வேறிரண்டு உதாரணங்களைச் சுருக்கமாகச் சொல்லி அப்பாற் செல்வோம்.

மின்குமிழ் செய்யும் பெரிய கம்பனிகள் 1924 ஆம் ஆண்டின் இறுதியில் ஜெனீவாவிற் கூடி, ஃபீபஸ் என்ற பெயரில் ஒரு கூட்டு அமைத்தன. ஒரு குமிழ் 1,000 மணித்தியாலம் எரிந்தாற் போதும் என்று அங்கே முடிவாயிற்று. அதற்கு முன் 1,500 முதல் 2,000 மணித்தியாலம் வரை எரிந்த குமிழ்கள் சந்தையில் இருந்தன. குறித்த அளவுக்கு மேல் எரியும் குமிழைச் செய்த கம்பனிக்குத் தண்டப்பணம் விதித்தார்கள். இதில் ஒரு நியாயமும் உண்டு என்பதை மறைத்தலாகாது. நீண்ட நாள் எரியும் குமிழ் அதே மின்சாரத்துக்குக் குறைந்த ஒளியே தரும். பிரித்தானிய விசாரணைக் குழுவொன்று 1951 ஆம் ஆண்டு அறிக்கையில் இந்த நியாயத்தை எடுத்துக் கூறியது. ஆனால், ஒளி வேண்டுமா ஆயுள் வேண்டுமா என்று வாங்குபவன் தெரிந்துகொள்ள இடம் வைத்திருக்கலாமே! போட்டியாளர்கள் தம்முட் கூடி அந்தத் தெரிவைப் பறித்ததுதான் குற்றம்.

பிறேசில் நாட்டிலோ கோப்பி விலை விழாதிருக்கவென்று, 1931 முதல் 1944 வரை ஏறக்குறைய 7 கோடி 80 இலட்சம் சாக்குக் கோப்பியை எரித்தும் கடலிற் கொட்டியும் அழித்தார்கள். சாக்கு ஒன்றுக்கு 60 கிலோ. பறித்தவன் வியர்வையும், காயவைத்த வெயிலும், ஏற்றி வந்த வண்டியும் யாவும் புகையாயின.

இவற்றைக் கேட்டு, "வியாபாரிகள் எல்லோரும் கொடியவர்கள்" என்ற முடிவுக்கு வாலிபர்கள் வந்துவிடக் கூடாது. 1959 ஆம் ஆண்டில் வொல்வோ மோட்டார்க் கம்பனியின் பொறியியலாளர் நில்ஸ் போலின், மூன்று இடத்திற் பூட்டும் ஆசனப்பட்டியை அமைத்தார். அதன் காப்புரிமையைப் பூட்டி வைத்து மற்றக் கம்பனிகளிடம் பணம் கறக்க அந்தக் கம்பனியால் முடிந்திருக்கும். அது எல்லோருக்கும் அதைத் திறந்துவிட்டது. இன்று நாம் எந்த மோட்டார் வண்டியில் ஏறினாலும் நெஞ்சின் குறுக்கே கிடக்கும் பட்டி அதுவே. அக்கம்பனி அதனால் நொடிந்து போகவில்லை. வியாபாரமும் நல்ல பெயரும் கூடவே வளர்ந்தன.

அரசினர் எடுத்தாற் போதுமா?

"இலாபமே தொல்லை, எல்லாவற்றையும் அரசாங்கம் எடுத்தால் முடிந்தது" என்று சொல்வாரும் உளர். பொறியியலாளர் கையில் தொழில்களை ஒப்படைத்தால் எல்லாம் சீராகும் என்ற நம்பிக்கை வெப்லனுக்கும் இருந்தது. பின் வந்த காலம் அந்த நம்பிக்கையை முழுதாக நிறைவேற்றவில்லை. சோவியத் நாட்டில் இலாபக் கணக்கு இல்லாதபோதும் கடைகளில் வரிசை இருந்தது. 1991 ஆம் ஆண்டில் அந்த அமைப்பே கலைந்தது. நம் நாட்டிலும் 1970 முதல் 1977 வரை இறக்குமதி இறுகியிருந்த காலத்திற் பாணுக்கும் துணிக்கும் வரிசையில் நின்ற கதையைப் பெரியோர்கள் சொல்வார்கள். தடுப்பவன் முதலாளியானாலும் அதிகாரியானாலும் தாகம் ஒன்றுதான்.

அந்த ஆண்டுகளைப் பற்றிப் பேசும்போது நம் வீட்டுக் கதவையும் சற்றுத் திறந்து பார்க்கவேண்டும். மிளகாயும் வெங்காயமும் வெளியிலிருந்து வராமற் போனமையால் யாழ்ப்பாணத் தோட்டக்காரருக்கு அந்நாட்கள் பொற்காலமாயின. அந்தப் பணத்தில் வீடு எழுந்தது, பிள்ளைகள் படித்தார்கள், கோயில் திருப்பணியும் நடந்தது. தென்பகுதி ஏழைக் குடும்பம் அதே மிளகாயைக் கூடிய விலை கொடுத்து வாங்கிற்று. நாம் பெற்றது கொடுத்துப் பெற்றதா, தடுத்துப் பெற்றதா?

இரண்டும் கலந்தது என்பதே நேர்மையான விடை. நம் கமக்காரர் கதவடைத்துச் சும்மா இருக்கவில்லை. கிணற்றை ஆழமாக்கினார்கள், யந்திரம் பூட்டி இறைத்தார்கள், தரிசு நிலத்தையுங் கொத்தினார்கள். நாட்டுக்கு வேண்டிய மிளகாயை விளைவித்துக் கொடுத்தார்கள். அந்த மட்டில் அது கொடுத்துப் பெற்ற இலாபம். ஆனால், விலையின் ஒரு பகுதி பூட்டிய துறைமுகத்தாற் கிடைத்தது. 1977 ஆம் ஆண்டின் பின் துறைமுகம் திறந்தபோது அந்தப் பகுதி போய்விட்டது. கடன்பட்டு நட்டவர்கள் பலர் கண்ணீர் வடித்தனர். உழைப்பால் வந்தது நிலத்திற் தங்கியது. கதவால் வந்தது கதவோடு போயிற்று. பிறரைக் குறைசொல்லுமுன் இதை நாம் ஒப்புக்கொள்ளவேண்டும்.

ஆகவே தடுப்பு எல்லாமே தீது என்றும் சொல்வதற்கில்லை. வாய்க்காலில் அணை கட்டுவதும் நீரைத் தடுப்பதுதான். அது வயலுக்குத் திருப்புவதற்காக. நாற்றுக்கு வேலி அடைப்பதும் தடுப்பதுதான். அது மரமாகும் வரைக்கும். தடுத்து வைத்த பொருள் பின்னர் யாருக்குப் பயன்படுகிறது, தடுத்த காலத்திற் பொருள் பெருகியதா சுருங்கியதா என்ற இரண்டு கேள்விகளுக்கு விடை கண்டாற் பிழை எது, சரி எது என்பது விளங்கிவிடும்.

ஒரு பேராசிரியர் செய்த காரியம்

இந்தக் கேள்விகளை நடைமுறையிற் கேட்டுக் காட்டியவர் ஒருவர் நம் நாட்டிலேயே இருந்தார். அவர் மருந்தியற் பேராசிரியர் சேனக்க பிபிலே. ஒரே மருந்து பத்துக் கம்பனிகளின் பெயரிற் பத்து விலைக்கு விற்கப்படுவதை அவர் கண்டார். ஏழையின் காய்ச்சலுக்கும் செல்வந்தனின் காய்ச்சலுக்கும் வேண்டியது ஒரே மருந்து. வேறுபடுவது போத்தலில் ஒட்டிய பெயர். 1971 ஆம் ஆண்டில் அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டபோது அவரே அதன் முதற் தலைவரானார். இறக்குமதியாகிய இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட மருந்து வகைகளை ஆராய்ந்து, அவசியமானவற்றை ஏறக்குறைய அறுநூறாகச் சுருக்கினார்கள். வர்த்தகப் பெயரை விட்டு மருந்தின் பொதுப் பெயராற் கேள்விப்பத்திரம் கோரி, நாடு முழுவதுக்கும் மொத்தமாக வாங்கினார்கள். பல மருந்துகளின் விலை பெரிதும் குறைந்தது. பெரிய கம்பனிகளின் எதிர்ப்பும் வந்தது. பிபிலே 1977 ஆம் ஆண்டு கயானா நாட்டிற் காலமானார். அதே ஆண்டிற்றான் உலக சுகாதார நிறுவனம் தன் முதலாவது அத்தியாவசிய மருந்துப் பட்டியலை வெளியிட்டது. சின்னஞ்சிறு தீவொன்று செய்து பார்த்த காரியம் உலகத்துக்கே ஏற்ற வழியென்று விளங்கிற்று.

அவர் வியாபாரத்தை ஒழிக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். விற்பவர்களைப் போட்டியிடச் செய்தார். மருந்து கொடுத்து இலாபம் பெற எல்லோருக்கும் இடம் இருந்தது. பெயரைக் காட்டி விலையைப் பிடித்து வைக்கும் இடத்தை மட்டும் அடைத்தார். அதற்கு அவருக்கு உதவியது கல்வி. மருந்தைப் பற்றிய அறிவு இல்லாதவன் அந்தப் பட்டியலை வெட்டியிருக்க முடியாது.

நமக்குரிய கடமை

இனி வாலிபர்களுக்கு. நீங்கள் நாளை கணக்காளராவீர்கள், பொறியியலாளராவீர்கள், கடை நடத்துவீர்கள். உங்களில் எவருக்கும் றப்பர்த் திட்டம் வகுக்கும் அதிகாரம் வரப்போவதில்லை என்று எண்ணவேண்டாம். பின்னறைச் சாவி யாரிடம் உண்டோ அவரிடம் அந்தத் திட்டமும் உண்டு. கணக்கை முடித்து இலாபத் தொகைக்குக் கீழே கோடு போடுமுன், அதில் எவ்வளவு கொடுத்துப் பெற்றது, எவ்வளவு தடுத்துப் பெற்றது என்று உங்கள் மனத்துக்குள் ஒரு தரம் பிரித்துப் பாருங்கள். கணக்காய்வாளர் இதைக் கேட்கமாட்டார். கேட்க வேண்டியவர் வேறொருவர் உண்டு என்பது சைவ வீட்டிற் பிறந்தவர்களுக்குச் சொல்லவேண்டியதில்லை.

பெரியோர்களுக்கும் ஒரு விண்ணப்பம். திருவிழா உபயத்துக்கும் அன்னதானத்துக்கும் தாராளமாகக் கொடுக்கிறீர்கள். அது நம் மரபின் அழகு. ஆனால், ஆண்டு முழுவதும் அரிசியை மறைத்து விற்று ஒருநாள் அன்னம் இடுவதிலும், ஆண்டு முழுவதும் நியாய விலைக்கு அரிசி விற்பது பெரிய அன்னதானம். அதற்குப் பந்தலும் வேண்டாம், ஒலிபெருக்கியும் வேண்டாம்.

தனியொருவர் மனச்சாட்சி மட்டும் போதாதென்பதும் உண்மை. நல்ல முதலாளி ஒருவர் நியாய விலைக்கு விற்க, பக்கத்துக் கடைக்காரர் அதையே வாங்கிப் பதுக்கிவிடலாம். 2021 ஆம் ஆண்டு ஆகஸ்ட் இறுதியில் அரிசி, சீனி முதலியவற்றின் பதுக்கலைத் தடுக்கவென்று அவசரகால விதிகளே பிறப்பிக்கப்பட்டன. எனினும் தட்டுப்பாடு ஓயவில்லை. விதி வேண்டும், விதியோடு கூட்டு முயற்சியும் வேண்டும். 1930களில் நம் முன்னோர் அதைச் செய்து காட்டினார்கள். மூளாயிற் கூட்டுறவு ஆஸ்பத்திரி அவ்வாறு எழுந்ததே. ஊரவர் சேர்ந்து சிறுதொகை போட்டு வைத்தியத்தைத் தம் வாசலுக்குக் கொண்டுவந்தார்கள். நம் சங்கத்துக்கு ஆஸ்பத்திரி கட்டும் வலிமை இன்றில்லை. கொப்பிகளையும் பாடசாலைப் பொருட்களையும் ஆண்டுத் தொடக்கத்தில் மொத்தமாக வாங்கி, செலவோடு சிறிது சேர்த்து நம் பிள்ளைகளுக்கு விற்கும் வலிமை உண்டு. அடுத்த ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் இதை ஒரு பிரேரணையாக எடுத்துக்கொள்ளும்படி வேண்டுகிறோம். அதில் வரும் சிறு இலாபம் கொடுத்துப் பெற்ற இலாபமாக இருக்கும்.

நிறைவாக, அந்தக் கடையிற் பணிபுரிந்த தம்பிக்கு நம் விடை. "தம்பி, உன் முதலாளி பிறர் பெட்டியை எடுக்கவில்லை; அது உண்மை. ஆனால், அந்தப் பெட்டி பின்னறைக்கு வந்து சேர எத்தனை பேர் உழைத்தார்கள் என்று எண்ணிப் பார். மாடு வளர்த்தவன், பாலைத் தூளாக்கும் யந்திரத்தை ஓட்டியவன், கப்பலோட்டி, துறைமுகத் தொழிலாளி, லொறிக்காரன் எல்லோரும் அதைக் குழந்தையின் வாய்வரை கொண்டுசெல்வதற்காகவே உழைத்தார்கள். கடைசி ஐந்து முழ தூரம்தான் உன் முதலாளியின் பொறுப்பு. அந்த ஐந்து முழத்தில் அவர் எல்லோருடைய உழைப்பையும் மறித்து நின்று கூலி கேட்டார். களவென்று சட்டம் சொல்லாதிருக்கலாம். வியாபாரமென்று நாம் சொல்லமாட்டோம்."

அன்று இதைச் சொல்லத் தவறிய குற்றம் நம்முடையது. அவர் இப்போது வேறு தொழிலில் இருக்கிறார். இன்று பின்வரிசையில் அமர்ந்து இதைக் கேட்டுக்கொண்டுமிருக்கிறார். தாமதமாய்க் கொடுத்த விடையை அவர் ஏற்றுக்கொள்வார் என்று நம்புகிறோம்.